புனித ஆதித்தனைக் கிழித்தவர் யார்?

"ஒரு மனிதனின் பெயரில் அவன் இனத்தின் ஈராயிரம் ஆண்டு வரலாறு உறங்குகிறது. அதைத் தட்டி எழுப்புவதே இந்நூலாசிரியன் தன் தலைமேல் ஏற்ற தவம்."

'பெயர் வேர்ப் பெருங்களஞ்சியம்' என்ற நூலின் முதல் வாக்கியம் இது. எழுதியவர் முனைவர் கோவிந்தராஜன். வெள்ளிக்கிழமை காலை அவர் மொன்றியலின் புறநகரான டொலார்ட்-டெஸ்-ஓர்மோவில் தன் வீட்டு பேஸ்மென்டில், அச்சகத்திலிருந்து வந்த அட்டைப்பெட்டிகளுக்கு நடுவே, பந்தியில் இலை கிடைக்காத சம்பந்தியைப் போல நின்றுகொண்டிருந்தார். தட்டி எழுப்பிய வரலாற்றிலிருந்து யாரோ ஒரு தாளை உருவிக்கொண்டு போயிருந்தார்கள்.

"ஒரு பிரதியில மட்டும் இல்ல சார். சர்ச் ஹாலுக்கு அனுப்பின அத்தனையிலும். அந்த மளிகைக் கடையில வச்சதுலயும். எல்லாத்துலயும் அதே தாள். திட்டம் போட்டு வரலாற்றை அழிக்கறாங்க."

"வரலாற்றை இல்லை ஐயா, ஒரு தாளை" என்றாள் மாக்கிரட். "மிச்சம் அவ்வளவு பக்கத்தையும் விட்டிட்டுப் போயிருக்கினம். எனக்கு விளங்காதது அதுதான்."

துப்பறிவாளர் பேரின்பநாதன் தன் உதவியாளரைக் கண்ணால் அடக்கினார். அவள் அடங்கவில்லை. அது வழக்கம்தான். பேரின்பநாதன் காப்புறுதிக் கம்பனி ஒன்றில் பல வருடம் வேலை பார்த்தவர். கழுத்தைத் திருப்ப முடியவில்லை என்று நட்டஈடு கேட்டவர்களைக் கல்யாண வீடுகளில் ஆட்டம் போடும்போது பிடிப்பது அவர் தொழில். இப்போது சொந்தமாக, மும்மொழியில் அச்சடித்த ஒரு விசிட்டிங் கார்டோடு இருக்கிறார். மாக்கிரட் பல்பொருள் அங்காடியில் காசாளராக இருந்தவள். யார் எதைக் கோட்டுக்குள் ஒளிக்கிறார் என்பதை முகத்தைப் பார்த்தே சொல்லிவிடுவாள். காரையும் அவள்தான் ஓட்டுவாள்.

கோவிந்தராஜனின் முனைவர் பட்டம் கான்கிரீட்டில் விழும் விரிசல்கள் பற்றியது. நூலின் அட்டையில் அந்த விவரம் இல்லை. கனடாவின் வடக்கே அணைக்கட்டுகள் கட்டி ஓய்வு பெற்றபின், வேறெதையும் கட்ட இடம் இல்லாததால் தமிழனின் வரலாற்றைக் கட்ட ஆரம்பித்திருந்தார்.

"ஞாயித்துக்கிழமை வெளியீட்டு விழா" என்றார். "நோத்ர-டாம்-த-கிரேஸ் பங்கு மண்டபத்துல. இலங்கை மன்னார்லேர்ந்து ஒரு ஃபாதர் வர்றார், வரலாற்றுப் பேராசிரியர், அவர்தான் முதல் பிரதி வாங்கறார். அதுக்குள்ள நீங்க ஆளைப் பிடிச்சிடணும். பிடிக்கலேன்னாலும் பரவாயில்ல. மேடையில நானே பேரைச் சொல்லிடுவேன். அந்தக் கடைக்காரர் அருமைராசாதான். என் புத்தகத்தைக் கையில எடுத்துப் பார்த்துட்டு, 'நல்ல பாரம், கருவாட்டுக்கு மேல வைக்கலாம்'னு சொன்னவர்."

"ஆதாரம்?" என்றார் பேரின்பநாதன்.

"இதைவிட என்ன ஆதாரம் வேணும்?"

தொலைந்த தாளின் நகல் அவரிடம் இருந்தது. தொண்டையைச் செருமிக்கொண்டு, எதிரே ஆயிரம் பேர் இருப்பதாக நினைத்து வாசித்தார்.

"ஆதித்தன். சோழ மாமன்னர் சூடிய திருப்பெயர். இப்பெயரைக் கடல் கடந்து மன்னார்க் கரையில் விசுவாசத்துக்காக உயிர்நீத்த கத்தோலிக்க மறைசாட்சி ஒருவர் தாங்கி நின்றமை, சோழர் புகழ் சமயங்களையும் கடந்தது என்பதற்கு அசைக்க முடியாத சான்றாகும். புனித ஆதித்தனின் திருநாள் ஆண்டுதோறும் ஒக்ரோபர் மாதம் இரண்டாம் ஞாயிறு. மறுநாள் விடுமுறையாதலால் அடியார்கள் திரளாகக் கூடுவர்."

"நல்ல வசதியான புனிதர்" என்றாள் மாக்கிரட்.

"மூணு ஆதாரம் இருக்கு" என்று கோவிந்தராஜன் விரல்களை நீட்டினார். "பங்குத்தந்தை சொன்னது ஒண்ணு. பங்கு மலர்ல அச்சுல வந்தது ஒண்ணு. அந்தப் பேரையே வச்சிருக்கிற ஒரு குடும்பத்தோட வாய்மொழி ஒண்ணு. இந்தப் புத்தகம் வர்றதுனாலதான் இந்த வருஷம் முதல் தடவையா அவருக்குக் கொடியே ஏத்தறாங்க. அதே ஞாயித்துக்கிழமை."

அப்போது அனுசூயா காபியோடு படியிறங்கி வந்தார். தட்டை வைக்க இடம் தேடி, கடைசியில் வரலாற்றின் மேலேயே வைத்தார்.

"அந்தத் தாளோட முன்பக்கத்துல என் பேரு இருக்கு" என்றார் பேரின்பநாதனிடம். "அனுசூயா. 'என் துணைவியார்'னு போட்டிருக்கார். புத்தகத்துல நான் வர்ற ஒரே இடம்."

"இப்ப அதுவா முக்கியம்?" என்றார் கணவர். பிறகு சட்டென்று துப்பறிவாளர் பக்கம் திரும்பினார். "ஆமா, உங்க பேரு. பேரின்பநாதன். எவ்வளவு கம்பீரமான பேரு. யார் வச்சது?"

பேரின்பநாதன் காபியைக் குடித்தார். காபி சுட்டது. "அதைப் பிறகு பாப்பம்" என்றார்.

* * *

காரில் ஏறியதும் மாக்கிரட் தொடங்கினாள்.

"என்ர பேரும் அதுக்குள்ள இருக்கண்ணை. மாக்கிரட் எண்டா முத்தாம். முத்துக் குளிக்கிற கடலுக்கும் என்ர குடும்பத்துக்கும் பழைய தொடுசல் இருக்காம்."

"இருக்கோ?"

"அம்மாவுக்குப் பிரசவம் பாத்த நேர்ஸின்ர பேர் மாக்கிரட். அவ பருத்தித்துறை. முத்தைக் கண்ணாலயும் கண்டிருக்க மாட்டா."

"அதை நீர் ஐயாவிட்டைச் சொல்லேல்லையோ?"

"போன் எடுத்துக் கேட்டவர்தான். அவ்வளவு படிச்ச மனுசன் முத்து எண்டு ஆசையாச் சொல்லேக்க, நேர்ஸ் எண்டு எப்பிடிச் சொல்லுறது? ஓம் எண்டிட்டன்." கண்ணாடியைத் திருத்திக்கொண்டே கேட்டாள். "உங்கட பேர் என்னண்டு வந்தது?"

"சிவப்பு லைற். பாத்து ஓட்டும்."

சன் ரெஜி தெரு முருகன் கோயிலில் முதலில் இறங்கினார்கள். அங்கேயும் செருப்பு வைக்கும் இடத்துக்குப் பக்கத்தில் நூல் அடுக்கி வைக்கப்பட்டிருந்தது. பேரின்பநாதன் ஒவ்வொன்றாக விரித்தார். எல்லாத் தாளும் இருந்தது. ஒரு பிரதியை யாரோ வாசித்தும் இருந்தார்கள். முன்னுரை முடியுமுன் கோயில் பிரசாதத் தாளை அடையாளம் வைத்துவிட்டுப் போயிருந்தார்கள்.

"கோயிலில ஒண்டும் போகேல்லை. பங்கு மண்டபத்தில எல்லாம் போயிட்டுது" என்றார். "அப்ப கிழிச்ச ஆளுக்குப் புத்தகத்தில கோவம் இல்லை. வாசிக்கிற ஆக்களில பயம்."

"எந்த ஆக்களில?"

"சேர்ச்சுக்குப் போற வேதக்காரரில. அதிலயும் மன்னார் ஆக்களில. மன்னார்ப் புனிதரைப் பற்றி மன்னார் ஆக்கள் வாசிக்கக் கூடாது எண்டு ஆரோ பயப்பிடினம். ஏன்?"

மாக்கிரட் காரைக் கிளப்பினாள். அவளுக்குப் பதில் தெரியாத நேரம் மிகக் குறைவு. அந்த நேரங்களில் அவள் வேகத்தைக் கூட்டுவாள்.

* * *

அருமைராசாவின் கடை ஜான்-டலோன் சந்தைக்கு இரண்டு தெரு தள்ளி இருந்தது. அவர் விளைமீன் ஒன்றை வெட்டிக்கொண்டிருந்தார். விஷயத்தைக் கேட்டதும் கத்தியைக் கீழே வைத்தார்.

"மேடையில என்ர பேரைச் சொல்லப்போறாரோ? கள்ளன் எண்டோ?" அவர் குரல் உயரவில்லை. தாழ்ந்தது. "அந்த மண்டபத்துக்கு என்ர மருமேளின்ர ஆக்கள் எல்லாம் வருகினம் தம்பி. கருவாடு எண்டது பகிடி. அந்தாளுக்குப் பகிடி விளங்காது எண்டு எனக்கெப்பிடித் தெரியும்?"

"புத்தகத்தைக் காட்டுங்கோ அண்ணை" என்றார் பேரின்பநாதன்.

அது கல்லாவுக்குப் பக்கத்தில், நாட்காட்டிக்கும் சில்லறைத் தட்டுக்கும் நடுவில் கிடந்தது.

"மீன் வெட்டி முடியுமட்டும் நிண்டு வாசிக்கிறவை இருக்கினம்" என்றார் அருமைராசா. "வாங்கினவை இல்லை."

பேரின்பநாதன் தாள் போன இடத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். கிழிந்த ஓரம் இல்லை. பிசிறு இல்லை. பிளேடு பட்ட தடமும் இல்லை. இரண்டு தாள்களுக்கு நடுவே, அடி மடிப்பில், மேலிருந்து கீழாக ஒரு வெளிறிய சிவப்புக் கோடு மட்டும் இருந்தது.

"மீன் ரத்தமோ?" என்றார்.

"மீன் ரத்தம் கோடு கீறி ஓடாது அண்ணை" என்று மாக்கிரட் புத்தகத்தைப் பிடுங்கினாள். விரலால் தடவினாள். அவள் முகத்தில் பள்ளிக்கூடத்துச் சிரிப்பு ஒன்று வந்தது. "இது கொன்வென்ற் வேலை. கொப்பியில ஒரு பக்கம் பிழைச்சுப்போனா, நூலை நனைச்சு மடிப்புக்குள்ள வைச்சுக் கொப்பியை மூடிப்போடுவம். கொஞ்ச நேரத்தால இழுத்தா தாள் சத்தமில்லாமல் கழண்டு வரும். சிஸ்ரர் தடவிப் பாத்தாலும் தெரியாது."

"அப்ப கொன்வென்ற்றில படிச்ச பொம்பிளை. ஆனா நூலில ஏன் சாயம்?"

"கையில கிடந்த நூலை எடுத்திருக்கிறா. சிவப்புப் பட்டு நூல், தண்ணி பட்டா சாயம் விடும். இந்தக் குளிருக்க ஆர் சிவப்புப் பட்டு நூலோட…" மாக்கிரட் பாதியில் நிறுத்தினாள். சிரிப்பு போய்விட்டது. "மறைசாட்சியின்ர கொடி சிவப்புத்தானே. ஞாயிற்றுக்கிழமை ஏத்துற கொடியைப் புஷ்பராணி அக்கா தைக்கிறா. மண்டபத்தைப் பூட்டித் திறக்கிற திறப்பும் அவவிட்டைத்தான்."

"வெள்ளிக்கிழமையில மீன் வாங்க வாறவ" என்றார் அருமைராசா மெதுவாக. "போன கிழமை தனக்குத் துண்டு சின்னனா வெட்டச் சொன்னவ. வழமையாப் பெரிசாத்தான் கேப்பா."

சின்னத் துண்டு வெட்ட நேரம் அதிகம் எடுக்கும். பேரின்பநாதன் தலையை ஆட்டினார்.

"ஆனா அவ ஏன் அண்ணை?" என்றாள் மாக்கிரட். "அந்தப் புனிதரின்ர பேர்தானே அவவின்ர மகனுக்கு."

* * *

நோத்ர-டாம்-த-கிரேஸில் மூன்றாம் மாடி அப்பார்ட்மென்ட். கதவைத் திறந்த புஷ்பராணி, இருவரையும் பார்த்தார். பிறகு மாக்கிரட்டின் கையிலிருந்த புத்தகத்தைப் பார்த்தார். "வாங்கோ" என்று மட்டும் சொன்னார்.

குசினி மேசை முழுக்க சிவப்புப் பட்டு விரிந்து கிடந்தது. நடுவே குருத்தோலை பிடித்த ஒரு மனிதர். அங்கி முடிந்திருந்தது. பாதங்கள் முடிந்திருந்தன. தலையைச் சுற்றி ஒளிவட்டம்கூடத் தங்க நூலில் பிசகில்லாமல் வந்திருந்தது. முகம் இருக்க வேண்டிய இடம் மட்டும் வெறும் துணியாக இருந்தது.

"முகம்?" என்றாள் மாக்கிரட்.

"வருகுதில்லை."

"மகன் எங்க?"

"மருந்துக் கடைக்கு வேலைக்குப் போயிட்டான்."

பேரின்பநாதன் நாற்காலியில் உட்கார்ந்தார். பிடிபட்டவர்களிடம் கம்பனி நாட்களில் அவர் ஒரு குரலில் பேசுவார். இப்போது அந்தக் குரல் வரவில்லை.

"அக்கா, ஒரு சின்னக் கேள்வி. இந்தப் புனிதரின்ர திருநாள் ஒக்ரோபர் இரண்டாம் ஞாயிறு. திங்கள் லீவு. கனடாவில நன்றியறிதல் நாள் லீவு. மன்னாரில ஒரு காலத்தில செத்தவருக்கு, பிற்காலத்தில மொன்றியல் சனத்துக்கு எந்தத் திங்கள் லீவு வரும் எண்டு எப்பிடித் தெரிஞ்சது?"

புஷ்பராணி ஊசியைத் துணியில் குத்தி வைத்தார்.

"ஆதித்தன் ஆர் அக்கா?"

அவர் தலை நிமிரவில்லை. ஆனால் வாய் தானாகத் திறந்தது. ஒரே மூச்சில், ஏற்ற இறக்கம் இல்லாமல், செபம் சொல்வதைப் போல வந்தது.

"பேர் ஆதித்தன், தகப்பன் பேர் ராமலிங்கம், பிறந்த இடம் கும்பகோணம், தொழில் துணி வியாபாரம், மொன்றியலுக்கு வாறது மச்சானைப் பாக்க, ரெண்டு கிழமையில திரும்பிப் போறது."

மாக்கிரட்டுக்கு அது விளங்கவில்லை. அவள் மணமகளாக, சொந்தப் பெயரோடு, ஒழுங்கான விசாவில் வந்து இறங்கியவள். பேரின்பநாதனுக்கு அந்த ராகம் தெரியும்.

"இந்தியப் பாஸ்போட்டோ?" என்றார்.

"ஓம்."

"மிராபெல் எயர்போட்டிலயோ இறங்கினவர்?"

"ஓம். எண்பத்தாறில." இப்போதுதான் அவர் நிமிர்ந்து பார்த்தார். "உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

பேரின்பநாதன் ஒளிவட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

புஷ்பராணி சொல்லத் தொடங்கினார். கணவர் வந்தது வேறொருவரின் கடவுச்சீட்டில். பம்பாயில் ஒரு அறையில், ஆள் அனுப்பும் ஏஜென்சிக்காரன் அவர்களை இருத்தி, படுக்கப் போகுமுன் தினமும் ஒப்புவிக்கச் சொன்னான். மனைவியாகக் கூட வந்ததால் அவரும் சேர்ந்து பாடமாக்கினார். விமானத்தில் எல்லோரையும் போல அதைக் கிழித்துக் கழிவறையில் போட்டுவிட்டு, இறங்கிய இடத்தில் சொந்தப் பெயரைச் சொல்லி அடைக்கலம் கேட்டார்கள்.

"சில பேர் பயந்து பதகளிச்சு, சொந்தப் பேரை விட்டிட்டுப் பாடமாக்கின பேரையே சொல்லிப்போட்டு நிண்டவையாம்" என்றார் புஷ்பராணி. "என்ர அவர் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்."

மாக்கிரட் சிரித்தாள். பேரின்பநாதன் சிரிக்கவில்லை.

"பிள்ளை பிறந்ததும் அவர் ஒரே பிடி. அந்த மனுசன்ர பேர் இல்லாட்டி நாங்கள் இல்லை, அந்தப் பேரைத்தான் வைக்கோணும் எண்டு. ஞானஸ்நானம் குடுக்கிற அண்டைக்கு வெள்ளைக்காரப் பாதர், வயசானவர், நல்ல மனுசன். அவர் பிரெஞ்சில என்னவோ கேட்டார். எனக்கு அப்ப தெரிஞ்ச பிரெஞ்சு, ஓம் எண்டுறதுக்கு 'வீ', அது மட்டும்தான். வீ எண்டன். திருப்பியும் கேட்டார். வீ எண்டன். அவர் சந்தோசப்பட்டார். அவர் சந்தோசப்படுறார் எண்டு நானும் வீ, வீ எண்டு சொல்லிக்கொண்டு நிண்டன். பிறகுதான் ஒராள் விளங்கப்படுத்தினா. இது புனிதரின்ர பேரோ எண்டு கேட்டவராம். வீ. மறைசாட்சியோ? வீ. உங்கட ஊரோ? வீ. இண்டைக்குத்தான் திருநாளோ? வீ."

"அப்ப போய்ச் சொல்லியிருக்கலாமே அக்கா."

"அவர் அதுக்குள்ள பிரசங்கத்தில சொல்லிப்போட்டார்."

மாக்கிரட் உதட்டைக் கடித்துக்கொண்டாள். இந்த முறை அது சிரிப்பை அடக்குவதற்காக அல்ல.

"சொன்னது காத்தோட போச்சு எண்டு இருந்தன். அந்தப் பாதர் புதுப் பாதருக்குச் சொல்லி, அவர் பங்கு மலரில போட்டு, இந்தியாக்கார ஐயா அதைப் பாத்திட்டு என்ர மகனிட்டை வந்து கேட்டு, அவன் தனக்குத் தெரிஞ்சதைச் சொல்லி… இப்ப புத்தகம். இப்ப மன்னாரில இருந்து படிச்ச பாதர் வாறார். அவர் அந்தத் தாளை வாசிச்ச உடன கேப்பார், இது ஆர் எண்டு. முழுச் சனத்துக்கும் முன்னால." அவர் துணியைத் தடவினார். "சனம் சிரிச்சாச் சிரிக்கட்டும். என்ர பிள்ளை ஒவ்வொரு சோதினைக்கும் முழங்காலில நிண்டு புனித ஆதித்தனே எனக்காக வேண்டிக்கொள்ளும் எண்டு மன்றாடுறவன். சுவருக்கு அங்கால எனக்குக் கேக்கும். அந்தச் சோதினை எல்லாம் பாஸும் பண்ணிப்போட்டான். அதுதான் பெரிய கரைச்சல்."

"மன்றாட்டைக் கேட்டு ஆரோ பாஸ் பண்ண வைச்சிருக்கினம்" என்றாள் மாக்கிரட். "வேலை செய்தவர் ஒராள், பேர் வாங்கினவர் வேறொராள். எங்கட ஒஃபீஸிலயும் அப்பிடித்தான்."

புஷ்பராணிக்குத் தன்னை அறியாமல் சிரிப்பு வந்தது. அதோடு கண்ணீரும் வந்தது.

"கொடியைத் தைக்கிறதும் நான். அதே நூலால தாளை எடுக்கிறதும் நான். ஐயாவிட்டை என்ர பேரைச் சொல்லப்போறியளோ?"

பேரின்பநாதன் எழுந்தார். "சொல்ல மாட்டன். ஆனா நீங்கள் பாதரிட்டையும் மகனிட்டையும் நாளைக்கே சொல்லிப்போடுங்கோ. உண்மையைச் சொல்லுங்கோ. பேர் எங்க இருந்து வந்தா என்ன அக்கா? அதில வெக்கப்பட என்ன இருக்கு?"

நன்றாகச் சொன்னார். மாக்கிரட்கூட ஒரு கணம் அவரை மரியாதையோடு பார்த்தாள்.

* * *

"அருமைராசாதானே?" என்றார் கோவிந்தராஜன், கதவைத் திறந்த கையோடு.

"இல்லை. அருமைராசாவின்ர பேரை மேடையில சொன்னா நீங்கள்தான் மன்னிப்புக் கேக்க வேண்டி வரும்."

பேஸ்மென்டில் மறுபடியும் பெட்டிகளுக்கு நடுவே நின்றார்கள். அனுசூயா கடைசிப் படியில் உட்கார்ந்துகொண்டார்.

"ஐயா, உங்கட மூண்டு ஆதாரத்தையும் ஒருக்காச் சொல்லுங்கோ" என்றார் பேரின்பநாதன்.

"பங்குத்தந்தை."

"அவருக்கு ஆர் சொன்னது?"

"முந்தின பாதிரியார்."

"அவருக்கு?"

"அந்தக் குடும்பம்."

"பங்கு மலரில எழுதினது ஆர்?"

"பங்குத்தந்தைதான்." கோவிந்தராஜனின் நீட்டிய விரல்களில் ஒன்று மடங்கியது.

"மூண்டாவது ஆதாரம்?"

மூன்றாவது ஆதாரம் அந்தக் குடும்பத்துப் பிள்ளை. மிஞ்சிய விரல்களும் மடங்கி, கை வெறும் முட்டியாக நின்றது.

"நீங்கள் மூண்டு பேரிட்டைக் கேக்கேல்லை ஐயா. ஒராளிட்டை மூண்டு தரம் கேட்டிருக்கிறியள்" என்றாள் மாக்கிரட்.

பேரின்பநாதன் திருநாள் தேதியைப் பற்றிச் சொன்னார். கனடிய விடுமுறையைப் பற்றிச் சொன்னார். யார் சொன்னது, யார் எடுத்தது என்பதை மட்டும் சொல்லவில்லை. கோவிந்தராஜன் ஒரு பெட்டியின்மேல் மெதுவாக உட்கார்ந்தார். 'மறுநாள் விடுமுறையாதலால்' என்ற தன் சொந்த வரியை உதட்டுக்குள் சொல்லிப் பார்த்தார். காது மடல் சிவந்தது.

"மன்னார் ஃபாதர் படிச்சா?" என்றார்.

"முதல் பிரதியை அவருக்குத்தானே குடுக்கப்போறியள்?"

"கிழிச்சது யாரு சார்? சொல்லுங்க. திட்டறதுக்கு இல்ல."

"உங்கட மானத்தைக் காப்பாத்தின ஒராள். அவ்வளவும் போதும்."

பிறகு முனைவர் கோவிந்தராஜன் ஒரு பெட்டியைத் திறந்தார். மேலே இருந்த பிரதியை எடுத்து, அந்தத் தாளை விரித்து, மனைவியைப் பார்க்காமல் கேட்டார்.

"வீட்டுல நூல் இருக்கா?"

"வெள்ளை நூல் எடுங்கோ அக்கா" என்றாள் மாக்கிரட். "சாயம் விடாது."

அனுசூயா தையல் பெட்டியையும் ஒரு கிண்ணம் தண்ணீரையும் கொண்டுவந்தார். நால்வருமாக உட்கார்ந்து நூலை நனைத்து, வைத்து, மூடி, இழுத்தார்கள். தாள் சத்தமில்லாமல் கழன்று வந்தது. காலையில் வரலாற்றை அழிப்பவனைப் பிடிக்க ஆள் வைத்தவர், மாலையில் எல்லோரையும்விட வேகமாக இழுத்துக்கொண்டிருந்தார். கோயிலில் கிடக்கும் பிரதிகளுக்கு நாளைக் காலை தானே போவதாகவும் சொன்னார்.

"முப்பது வருஷம் அணை கட்டினீங்க, ஒண்ணுகூட ஒழுகல" என்றார் அனுசூயா. "ஒரே ஒரு புத்தகம் போட்டீங்க."

கோவிந்தராஜன் நிறுத்தினார். கையிலிருந்த தாளைத் திருப்பினார். முன்பக்கத்தில் 'அனுசூயா' இருந்தது. அதைத் தான் மறந்தே போயிருந்தது அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது.

"அனு… இதுல உன் பேரு…"

"பொறாமை இல்லாதவள்னு அர்த்தம் போட்டிருக்கீங்க. இழுங்க, நேரமாகுது."

கடைசிப் பெட்டி முடிந்தது. சிறிது நேரம் அவர் சுருங்கிப்போய்த்தான் இருந்தார். ஆனால் அணை கட்டியவர்கள் ஓட்டை கண்டால் அடைக்காமல் இருக்க மாட்டார்கள். சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்தார்.

"இனிமே நேர்ல கேட்டுத்தான் எழுதறது. சம்பந்தப்பட்டவர் வாயாலேயே. இடையில ஆளே கிடையாது. இரண்டாம் பதிப்புக்கு முதல் பேரு உங்களோடதுதான் சார்." எடுத்த தாள் ஒன்றின் ஓரத்தில் எழுதத் தயாரானார். "பேரின்பநாதன். யார் வச்ச பேரு?"

மாக்கிரட் நூலைச் சுற்றுவதை நிறுத்திவிட்டுப் பார்த்தாள். காரில் கிடைக்காத பதில் இங்கே கிடைக்கும் என்று அவள் நினைத்தாள். அனுசூயாவும் பார்த்தார். சற்று முன் மூன்றாம் மாடியில் தான் சொன்ன வார்த்தைகள் பேரின்பநாதனுக்கு நினைவு வந்தன. பேர் எங்க இருந்து வந்தா என்ன. அதில வெக்கப்பட என்ன இருக்கு.

வாய் தானாகத் திறந்தது.

"அப்புவின்ர பேர்" என்றார். "தகப்பன்ர தகப்பன்."

"தாத்தா பேரு." கோவிந்தராஜன் எழுதினார். "அவரும் பெரிய மனுஷரா இருந்திருப்பாரே?"

"ஓம்."

"கோயில் திருப்பணி ஏதாவது?"

"ஓம்."

"தலைமுறை தலைமுறையா வர்ற பேருன்னு போடலாமா?"

"ஓம்" என்றார் பேரின்பநாதன்.

கோவிந்தராஜன் அதன் கீழே கோடு போட்டார்.

அது கோலாலம்பூரில் ஒரு பல் வைத்தியர் தொலைத்த கடவுச்சீட்டில் இருந்த பெயர்.